62 தாள்களில் 20 நொடி: மௌனப்படக் காலத்துக் கார்ட்டூனைக் கையால் வரையும் வழி

35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். மௌனப்பட வேகத்தில், அதாவது நொடிக்கு 16 ஃபிரேமாக ஓட்டினால், ஒரு நொடிக்கு ஓர் அடி ஃபிலிம் போய்விடும். ஐந்து நிமிடப் படம் என்றால் 4,800 ஃபிரேம். 1914ல் கார்ட்டூன் ஓவியர் விண்சர் மெக்கே தன் டைனோசர் கெர்ட்டியை மேடையேற்றியபோது வரைந்த படங்கள் ஏறத்தாழ 10,000. அசையாத பாறையையும் ஏரிக்கரையையும்கூட ஒவ்வொரு தாளிலும் திரும்பத் திரும்ப வரைய வேண்டியிருந்தது. அதற்கென்றே ஜான் ஃபிட்ஸ்சிம்மன்ஸ் என்ற இளைஞர் உதவிக்கு இருந்தார்.

வாராவாரம் கார்ட்டூன் கொடுக்க வேண்டிய ஸ்டுடியோவுக்கு இது கட்டுப்படியாகாது. 1914க்குப் பிறகு இத்துறையில் வந்த உத்திகளில் பெரும்பாலானவை ஒரே கேள்விக்கு விடை: எதை வரையாமல் தப்பிக்கலாம்? புதிதாக வருகிறவர்கள் பெரும்பாலும் இதைத் தலைகீழாகப் புரிந்துகொள்கிறார்கள். நிறையப் படம் வரைந்தால் அசைவு நன்றாக வரும் என்று நினைத்து, மூன்றாம் நொடியிலேயே களைத்துவிடுகிறார்கள். கீழே சொல்லும் பயிற்சியில் 20 நொடிப் படம் 62 வரைபடங்களில் முடிகிறது. கம்ப்யூட்டரில் வரையும் வேலை எதுவும் இல்லை. கடைசியில் படங்களைக் கோக்க ஒரு ஃபோன் போதும்.

எந்தக் கதையும் எடுக்கலாம். கணக்கு புரிவதற்காக இங்கே ஒன்று: கரடிக்குட்டி நடந்து வருகிறது. மேலே தேனடை தொங்குகிறது. எட்டவில்லை. அது யோசிக்க, தலைக்கு மேலே கேள்விக்குறி முளைக்கிறது. அந்தக் கேள்விக்குறியையே பிடுங்கிக் கொக்கியாக்கித் தேனடையை இழுக்கிறது. அடை விழ, தேனீக்கள் துரத்த, கரடி ஓட்டம். யோசனையில் முளைத்த குறியைப் பொருளாகப் பயன்படுத்துவது, ஒட்டோ மெஸ்மர் பேட் சல்லிவன் ஸ்டுடியோவில் வரைந்த ஃபீலிக்ஸ் பூனையின் வழக்கமான வேடிக்கை. வசனமே இல்லாமல் சிரிக்க வைக்க இதைவிட மலிவான வழி இல்லை.

வாங்க வேண்டியவை

ஏ4 தாள் 75 ஜிஎஸ்எம், ஒரு ரீம். 62 படத்துக்கு எதற்கு 500 தாள் என்று கேட்கலாம். பென்சில் சோதனையிலேயே 150 தாள் போய்விடும். இரண்டு துளை போடும் பஞ்சிங் மெஷின் ஒன்று. கடைசிவரை அதே மெஷின்தான், இடையில் மாற்றக்கூடாது. வெளிர்நீலக் கலர் பென்சில் இரண்டு. 0.8 பிக்மெண்ட் பேனா இரண்டு, தடித்த முனையுள்ள ஸ்பிரிட் மார்க்கர் இரண்டு, எல்லாம் கறுப்பு. ஸ்பைரல் பைண்டிங் கடையில் முன்னட்டைக்குப் போடுவார்களே, அந்தத் தெளிவான பிளாஸ்டிக் ஷீட்: ஏ4 அளவில் பத்து, ஏ3 அளவில் இரண்டு. தாளை அமுக்கிப் பிடிக்க 4 மி.மீ. கண்ணாடி, 30க்கு 25 செ.மீ., விளிம்பைத் தேய்த்து வாங்குங்கள். ஏ4 எல்இடி டிரேசிங் பேட் இருந்தால் நல்லது. இல்லாவிட்டால் பால்வெள்ளை அக்ரிலிக் 3 மி.மீ. துண்டுக்குக் கீழே எல்இடி பட்டை விளக்கு வைத்தாலும் அதே வேலை நடக்கும். அதை உங்கள் பக்கம் சாய்வாக, 20 முதல் 30 டிகிரியில் நிறுத்துங்கள். தட்டையான மேசையில் குனிந்து வரைந்தால் படத்தின் மேல்பகுதி நீண்டு போகும். கண் சாய்வாகப் பார்ப்பதால் வரும் கோளாறு அது.

பெக் பார் (தாளை மாட்டும் முளைப்பட்டை): இதில் சிக்கனம் வேண்டாம்

மெக்கே தாளின் மூலைகளில் சிலுவைக்குறி போட்டு, அவற்றைப் பொருத்திப் பொருத்தி வரைந்தார். மெல்லிய ரைஸ் பேப்பர் என்பதால் அடியிலிருந்த படம் தெரிந்தது. மான்ட்ரியாலிலிருந்து நியூயார்க் வந்த ரவுல் பார்ரே, தாளில் துளை போட்டு மேசையிலுள்ள முளைகளில் மாட்டும் முறையைப் புகுத்தினார். அன்றிலிருந்து கையால் வரையும் அனிமேஷன் முளையில்தான் நிற்கிறது. அரை மில்லிமீட்டர் நகர்ந்தாலும் திரையில் உருவம் முழுவதும் நடுங்கும்.

செய்யும் முறை: பஞ்சிங் மெஷினில் துளைகள் 80 மி.மீ. இடைவெளியில், ஏறத்தாழ 6 மி.மீ. விட்டத்தில் விழும். அதற்குச் சரியாக 6 மி.மீ. மரக்குச்சி வாங்கி, 8 மி.மீ. உயரத்துக்கு இரண்டு துண்டு வெட்டுங்கள். 30 செ.மீ. மரஸ்கேலின் மேல் ஒட்ட வேண்டும். ஸ்கேலை வைத்து அளந்து ஒட்டினால் நிச்சயம் தவறும். அதற்குப் பதிலாக, கெட்டி அட்டை ஒன்றில் அதே மெஷினால் துளை போட்டு, துளைக்குள் குச்சிகளைச் செருகி, அட்டையோடு சேர்த்து ஸ்கேல்மேல் நிறுத்தி ஒட்டுங்கள். பசை காய்ந்ததும் அட்டையை எடுத்துவிடலாம். தாள் முளையில் சற்று இறுக்கமாக இறங்க வேண்டும். தொளதொளவென்று இருந்தால் குச்சிமேல் ஒரு சுற்று செலோ டேப். நடுவில் தாள் புடைத்தால் இடைவெளி குறைந்துவிட்டது என்று பொருள், ஒரு குச்சியைப் பெயர்த்து மறுபடி ஒட்டுங்கள். போல்ட்டை முளையாக வைக்காதீர்கள். மரை துளையை அறுத்துவிடும்.

துளை ஏ4 தாளின் நீண்ட பக்கத்தில், நடுவில். மெஷின் பத்துத் தாளைத் தாங்கும் என்று பெட்டியில் போட்டிருந்தாலும் ஐந்து ஐந்தாகப் போடுங்கள். அடுக்கு கனத்தால் கீழ்த்தாளில் துளை சாய்ந்து விழும். முளைகளைக் கீழ்ப்பக்கம், அதாவது வயிற்றுப் பக்கம் வைத்துக்கொண்டால் இடது கைவிரல்களுக்கிடையே நாலைந்து தாளைச் செருகிப் புரட்டிப் புரட்டிப் பார்க்கலாம். அந்தப் பழக்கம் வந்துவிட்டால் பாதி வேலை கற்றுக்கொண்டதுபோல.

தாளில் படச்சட்டம் 240க்கு 180 மி.மீ. துளையுள்ள கீழ்விளிம்பிலிருந்து 22 மி.மீ. விட்டுச் சட்டத்தைத் தொடங்கினால் மேலே 8 மி.மீ. மிஞ்சும். மௌனப்படத்தின் நாலுக்கு மூன்று அளவு இதுதான். ஃபோன் கேமராவின் சாதாரணப் புகைப்பட அளவும் பெரும்பாலும் அதே.

எக்ஸ்போஷர் ஷீட்: பென்சில் எடுக்குமுன் போட வேண்டிய கணக்கு

நொடிக்கு 16 ஃபிரேம். ஒவ்வொரு படமும் இரண்டு ஃபிரேம் நிற்கும். எமில் கோல் 1908ல் பாரிஸில் எடுத்த ‘ஃபான்டஸ்மகோரி’யிலும் இதே வழிதான்: ஏறத்தாழ 700 வரைபடங்கள், ஒவ்வொன்றும் இருமுறை படம்பிடிக்கப்பட்டது. நமக்கு 20 நொடி என்றால் 320 ஃபிரேம், 160 நிலைகள். இதை இப்படிப் பிரித்துக்கொள்வோம்:

1. நடந்து வருதல்: 64 ஃபிரேம். 8 படம், நாலு சுற்று.
2. நின்று மேலே பார்த்தல்: 32 ஃபிரேம். 7 படம்.
3. கேள்விக்குறி முளைத்தல்: 48 ஃபிரேம். 9 படம்.
4. குறியைப் பிடுங்கி இழுத்தல்: 64 ஃபிரேம். 20 படம்.
5. அடை விழுதல், தேனீக்கள்: 48 ஃபிரேம். கரடியும் அடையும் 10, தேனீ 4.
6. ஓட்டம்: 32 ஃபிரேம். 4 படம்.
7. வட்டம் சுருங்கி இருட்டுதல்: 32 ஃபிரேம். புதுப்படம் தேவையில்லை.

மொத்தம் 62. செலவு எங்கே குவிந்திருக்கிறது என்று பாருங்கள். 20 படத்தை நாலாம் பகுதிக்குக் கொடுத்திருக்கிறோம், ஏனென்றால் சிரிப்பு அங்கேதான் இருக்கிறது. நடையும் ஓட்டமும் திரும்பத் திரும்ப ஓடும் சைக்கிள். ஆறு நொடிக்கு 12 படம்தான்.

இந்தப் பட்டியலை வரிசைக்கு ஒரு நிலையாக 160 வரி எழுதிக்கொள்ளுங்கள். ஒவ்வொரு வரியிலும் எந்தத் தாள், எந்தத் தேனீ ஷீட், பின்னணி எத்தனை மி.மீ. என்று மூன்று கட்டம். கடைசி நாளில் படம்பிடிக்கும்போது மூளை ஓடாது, இந்தத் தாள்தான் ஓடும். தாள் எண்ணைச் சட்டத்துக்கு வெளியே வலது கீழ்மூலையில், பகுதி எண்ணோடு எழுதுங்கள்: 4-11 என்றால் நாலாம் பகுதியின் 11ஆம் படம்.

உருவத்தை ஏன் கறுப்பாக்க வேண்டும்

ஃபீலிக்ஸ் முழுக்கறுப்பாக இருந்ததற்கு அழகு மட்டும் காரணமில்லை. கறுப்பு உடலுக்குள் கோடு கிடையாது. மடிப்பு, முழங்கால், வயிற்றுக்கோடு எதுவும் வேண்டாம். கறுப்புத் திரள் வெள்ளைத் திரையில் தெளிவாகவும் தெரியும். அனிமேட்டர் பில் நோலன் 1920களின் தொடக்கத்தில் ஃபீலிக்ஸின் கோணல்மாணலைத் தேய்த்து உருண்டையாக்கினார். வட்டத்தை எந்தப் பக்கம் திருப்பினாலும் வட்டம்தானே. மூட்டே இல்லாமல் ரப்பர் குழாய்போல வளையும் கைகால்களுக்கும் அவர் பெயரைத்தான் சொல்கிறார்கள்.

நம் கரடி 70 மி.மீ. உயரம். தலை 30 மி.மீ. வட்டம், உடல் 28 மி.மீ. அகல முட்டை, கைகால்கள் 6 மி.மீ. தடிப்பில் குழாய், பாதம் 12 மி.மீ. நீளம். முகத்தில் மட்டும் வெள்ளை: கண் இரண்டும் மூக்குப் பகுதியும். தலைக்கும் உடலுக்கும், உடலுக்கும் கைக்கும் நடுவே 1 மி.மீ. வெள்ளைக் கோடு விடுங்கள். இல்லாவிட்டால் கை உடலுக்கு முன்னால் வரும்போது காணாமல் போய்விடும். அதைவிட நல்ல வழி, முக்கியமான செயல் எதையும் உடலுக்கு வெளியே, வெள்ளைப் பின்னணியில் நடக்கவிடுவது. வெளிக்கோட்டை மட்டும் பார்த்தாலே கரடி என்ன செய்கிறது என்று தெரிய வேண்டும். தெரியவில்லையா, நிலையை மாற்றுங்கள்.

முதலில் ஒரு தாளில் முன்பக்கம், பக்கவாட்டு, முக்கால் பக்கம் என மூன்று கரடி வரைந்து சுவரில் ஒட்டுங்கள். இதைச் செய்யாதவர்களின் கரடி 30ஆம் தாளில் பன்றியாகியிருக்கும்.

நடை

கரடி வலது பக்கம் பார்த்து, சட்டத்தின் நடுவிலேயே நடக்கிறது. பின்னணிதான் இடது பக்கம் நகர்கிறது. எட்டுப் படமும் இப்படி:

படம் 1ல் வலது கால் முன்னே நீண்டு குதிகால் தரையைத் தொடுகிறது, இடது கால் பின்னே. படம் 2ல் எடை இறங்கி முழங்கால் மடிகிறது. உடல் 3 மி.மீ. தாழ்கிறது. படம் 3ல் பின்கால் முன்காலைக் கடக்கிறது, உடல் பழைய உயரத்தில். படம் 4ல் உடல் 3 மி.மீ. எழும்புகிறது, இடது கால் முன்னே வீசப்படுகிறது. படம் 5, படம் 1ன் மறுபக்கம்: இடது கால் முன்னே. 6, 7, 8 அப்படியே 2, 3, 4 போல, கால் மாறி.

இதில் எல்லோரும் சறுக்குவது பாதத்தில். தரைக்கோட்டில் 5 மி.மீ. இடைவெளியில் ஐந்து புள்ளி வைத்துக்கொள்ளுங்கள். வலது பாதம் படம் 1ல் முதல் புள்ளியில், 2ல் இரண்டாவதில், இப்படியே 5ல் ஐந்தாவதில் இருக்க வேண்டும். 6, 7, 8ல் காற்றில் முன்னே வர வேண்டும். இடது பாதத்துக்கும் இதே கணக்கு, நாலு படம் தள்ளி. பின்னணியையும் ஒவ்வொரு நிலைக்கும் சரியாக 5 மி.மீ. நகர்த்தினால் பாதம் தரையில் ஊன்றியதுபோல இருக்கும். பாதம் 5, பின்னணி 7 என்று இருந்தால் கரடி பனிக்கட்டிமேல் வழுக்கும். எங்கே பிசகு என்று தெரியாமல் பலர் காலையே திருப்பித் திருப்பி வரைந்துகொண்டிருப்பார்கள்.

முழுக்கறுப்பு உருவத்தில் வலது காலும் இடது காலும் ஒன்றுபோலத் தெரிவதால், முதல் நாலு படத்தையே திரும்ப ஓட்டி எட்டாக்க முடியும். அவசரத்துக்குச் செய்யலாம். ஆனால் தலையும் கையும் இரண்டு அடியிலும் அச்சடித்ததுபோல அசைந்து, சாவி கொடுத்த பொம்மையாகிவிடும். எட்டும் வரையுங்கள். படம் 5 முதல் 8 வரை தலையை ஒரு மில்லிமீட்டர் முன்னே சாய்த்தாலே போதும், நடைக்கு உயிர் வரும்.

ஓட்டத்துக்கு நாலே படம். இரண்டில் பாதம் தரையில், இரண்டில் காற்றில். உடலை 15 டிகிரி முன்னே சாயுங்கள்.

இடைப்படங்கள்

மெக்கே ஒன்றிலிருந்து வரிசையாக வரையவில்லை. முதலில் முக்கிய நிலைகள், பிறகு இரண்டுக்கும் நடுவில் ஒன்று, அதற்கும் நடுவில் ஒன்று என்று பாதி பாதியாகப் பிரித்துப்போனார். நீங்களும் 1, 9 வரைந்து, 5 வரைந்து, 3, 7 வரைந்து, கடைசியில் இரட்டைப்படைகளை நிரப்புங்கள். வரிசையாக 1, 2, 3 என்று போனால் உருவம் ஊதிக்கொண்டே போகும் அல்லது சுருங்கிக்கொண்டே போகும்.

சரிபாதியில் வரைந்தால் அசைவு மிதக்கும். கை தேனடையை நோக்கிப் போகும்போது தொடக்கத்தில் படங்கள் நெருக்கமாகவும் நடுவில் அகலமாகவும் இருக்கட்டும். விழும் பொருளுக்குக் கணக்கு இன்னும் எளிது. தேனடை 50 மி.மீ. விழ வேண்டும் என்றால் ஐந்து படத்தில் 2, 6, 10, 14, 18 மி.மீ. என்று இறக்குங்கள், ஒன்று, மூன்று, ஐந்து, ஏழு, ஒன்பது என்ற விகிதம். எல்லாவற்றையும் 10 மி.மீ.யாக இறக்கினால் அடை விழாது, கயிற்றில் இறக்குவதுபோல இருக்கும்.

இழுப்பதற்கு முன் கரடி எதிர்ப்பக்கம் சாய வேண்டும். அதற்கு நாலு படம் ஒதுக்குங்கள். இழுக்கும் செயலுக்கே மூன்று படம் போதும். புதியவர்கள் இதைத் தலைகீழாகச் செய்வார்கள். இழுப்பு பத்துப் படம் நீண்டு வலுவே இல்லாமல் போகும்.

பெரிய உருவம் எவ்வளவு மெதுவாக மூச்சுவிடும் என்று மெக்கே கடிகாரத்தை வைத்துத் தன் மூச்சையே அளந்தார். ஸ்டாப்வாட்ச் உங்கள் ஃபோனிலேயே இருக்கிறது. கண்ணாடி முன் அந்தச் செயலைச் செய்து நேரம் எடுங்கள். மேக்ஸ் ஃபிளைஷரின் ரோட்டோஸ்கோப், நடிகரைப் படம்பிடித்து ஒவ்வொரு ஃபிரேமாக மேலே வரையும் கருவி, 1917ல் காப்புரிமை பெற்றது. அதற்காகக் கோமாளி உடையில் கேமரா முன் ஆடியவர் மேக்ஸின் தம்பி டேவ். அந்த வழி மென்மையாக வரும், ஆனால் ஒவ்வொரு ஃபிரேமும் புதுப்படம் கேட்கும்; 62ல் முடிக்க நினைக்கிறவர்களுக்கு ஆகாது.

நிற்கும் நேரம்

கரடி நின்று யோசிக்கும் இடத்தில் ஒரே தாளை இரண்டு நொடி காட்டினால் படம் நின்றுவிட்டதுபோல இருக்கும். அதே நிலையை மூன்றுமுறை டிரேஸ் செய்யுங்கள். கோட்டில் வரும் சிறு வேறுபாடே அதை உயிரோடு வைத்திருக்கும். கெர்ட்டியின் பின்னணி இலேசாகக் கொதிப்பதும் இப்படி மறுபடி மறுபடி டிரேஸ் செய்ததால்தான். மூன்றையும் 1, 2, 3, 1, 3, 2 என்று மாற்றி மாற்றி ஓட்டுங்கள். 1, 2, 3 என்றே ஓட்டினால் துடிப்பு ஒரு தாளமாகக் கண்ணில் உறுத்தும். டிரேஸ் செய்யும்போது எப்போதும் முதல் தாளைப் பார்த்தே வரையுங்கள். இரண்டாவதைப் பார்த்து மூன்றாவதை வரைந்தால் பிழை வளரும்.

பென்சில் சோதனை, பிறகு மை

வெளிர்நீலப் பென்சிலில் எல்லாம் முடிந்ததும் மை தொடாதீர்கள். ஃபோனைப் புத்தக அடுக்கின்மேல் வைத்து, 62ஐயும் வேகமாகப் படமெடுத்து ஓட்டிப் பாருங்கள். பின்னணி, விளக்கு எதுவும் வேண்டாம். இங்கே தெரியும் பிசகை ரப்பரால் திருத்தலாம். மை போட்ட பிறகு தெரிந்தால் தாளைக் கிழிக்க வேண்டியதுதான்.

நீலம் எதற்கு? அன்றைய ஆர்த்தோகுரோமாட்டிக் ஃபிலிம் நீலத்தை வெள்ளையாகவும் சிவப்பைக் கறுப்பாகவும் பதிவு செய்தது. நீலக் கோட்டின்மேல் மை போட்டால் அழிக்கத் தேவையில்லை. ஃபோனிலும் இதைக் கொண்டுவரலாம். எடிட்டிங்கில் கறுப்பு வெள்ளையாக்கும்போது நீலச் சேனலை மட்டும் எடுத்தால் நீலக் கோடு தாளோடு கலந்துவிடும். சிவப்புச் சேனலை எடுத்தால் எல்லாக் கோடும் பல்லிளிக்கும்.

வெளிக்கோட்டுக்கு 0.8 பேனா. உள்ளே நிரப்ப ஸ்பிரிட் மார்க்கர். தண்ணீர் கலந்த மையைப் பெரிய பரப்பில் பூசினால் தாள் சுருங்கும். சுருங்கினால் துளைக்கும் படத்துக்குமான தூரம் மாறி உருவம் குதிக்கும். மார்க்கர் தாளைச் சுருக்காது, ஆனால் பரவும். கோட்டுக்கு 1 மி.மீ. உள்ளேயே நிறுத்துங்கள், தானாகப் போய்ச் சேரும். அடியில் கழிவுத்தாள் ஒன்று கட்டாயம், இல்லாவிட்டால் அடுத்த படத்தில் கறை இறங்கும். தொட்டெழுதும் நிப்பும் இண்டியன் இங்க்கும் பயன்படுத்துகிறவர்கள் கவனிக்க: சில மைகளின்மேல் ஸ்பிரிட் மார்க்கர் பட்டால் கோடு கரைந்து இழுபடும், ஒரு கழிவுத்தாளில் சோதித்துவிடுங்கள்.

பின்னணி: மேலே போடுவதா, கீழே போடுவதா

இதற்கு அன்று மூன்று வழி இருந்தது. பார்ரேயின் வெட்டு முறையில் அசையாத பாகத்தை ஒரு தாளில் வரைந்து, அசையும் பாகம் வரும் இடத்தைக் கிழித்தெடுத்துவிட்டு, கீழே வேறு தாள் வைப்பார்கள். ஏர்ல் ஹர்ட் 1914 டிசம்பரில் விண்ணப்பித்து 1915ல் பெற்ற காப்புரிமை, உருவத்தைத் தெளிவான செல்லுலாய்டில் வரைந்து பின்னணிமேல் வைக்கும் முறை. ஸ்டுடியோ நடத்திய ஜான் ராண்டால்ஃப் பிரேயோடு சேர்ந்து இந்த உரிமைகளை ஒரு கம்பெனியாக்கி, 1932ல் காலாவதியாகும்வரை மற்ற ஸ்டுடியோக்களிடம் கட்டணம் வாங்கினார்கள். மூன்றாவது, சல்லிவன் ஸ்டுடியோ செய்தது: உருவம் தாளில், பின்னணி மட்டும் செல்லுலாய்டில், தாளுக்கு மேலே.

புதியவர்களுக்கு மூன்றாவதுதான் தோது. 62 ஷீட்டுக்குப் பதில் ஒரே பிளாஸ்டிக் ஷீட்டில் வேலை முடிகிறது. மேலே இருக்கும் மரக்கோடு கரடிமேல் விழாதா என்றால், விழும். கறுப்பு உடல்மேல் கறுப்புக் கோடு தெரியாது. முகம் இருக்கும் உயரத்தில் மட்டும் எதுவும் வரையாதீர்கள். தரைக்கோடு, சில கற்கள், தலைக்கு மேலே மரக்கிளை போதும்.

நடையில் 32 நிலை, 5 மி.மீ. வீதம் 160. நிற்கும்போது ஒரேயடியாக நிறுத்தாமல் 3, 2 என்று குறைத்து நிறுத்த இன்னும் 5. ஊன்றிய பாதத்தையும் அதே 3, 2 நகர்த்தி வரைய வேண்டும். சட்டம் 240. ஆக 405 மி.மீ.; ஏ3 ஷீட் 420 நீளம், சரியாகப் போதும். சட்டத்துக்கு மேலே ஒரு ஸ்கேலை ஒட்டி, ஷீட்டின் விளிம்பில் 5 மி.மீ.க்கு ஒரு கோடு போட்டு, ஸ்கேலோடு உரசி நகர்த்துங்கள்.

தேனடையை இந்த ஷீட்டில் வரைந்துவிடாதீர்கள். நாலாம் பகுதியிலிருந்து அது தாளில் அசைய வேண்டும். மேலேயும் ஒன்று இருந்தால் இரண்டு தேனடை தெரியும். தனித் துண்டுப் பிளாஸ்டிக்கில் வரைந்து செலோ டேப்பால் ஒட்டி, நேரம் வந்ததும் உரித்துவிடுங்கள்.

தேனீக்கள் நாலு தெளிவான ஏ4 ஷீட்டில், தாள்போலவே துளையிட்டு. ஒவ்வொரு பிளாஸ்டிக் அடுக்கும் வெள்ளையைச் சற்று மங்கச் செய்யும். தேனீ வரும்போது மட்டும் ஓர் அடுக்கு கூடினால் திரை சட்டென்று இருளும். ஆகவே தேனீ இல்லாத பகுதிகளிலும் ஒரு வெற்று ஷீட்டை முளையில் மாட்டியே வையுங்கள்.

படம்பிடிக்கும் நாள்

மின்விசிறியை நிறுத்துங்கள். ஜன்னலை மூடித் திரை போடுங்கள். மேகம் கடந்தால் படம் முழுக்க மினுக்கும். ஃபோன் மேசையிலிருந்து 50 முதல் 60 செ.மீ. உயரத்தில், நேர் கீழ்நோக்கி. 2 மடங்கு ஜூம் வையுங்கள், அகல லென்ஸில் சட்டத்தின் விளிம்பு வளையும். இரண்டு விளக்கு, இரு பக்கமும் ஒரே தூரத்தில், 45 டிகிரியில். ஃபோகஸ், எக்ஸ்போஷர், ஒயிட் பேலன்ஸ் மூன்றையும் பூட்டுங்கள். ஆட்டோவில் விட்டால் கரடி சட்டத்தில் எங்கிருக்கிறது என்பதைப் பொறுத்து வெளிச்சம் மாறும். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஷட்டரை 50ல் ஒரு பங்கு நொடி அல்லது 25ல் ஒரு பங்கில் வைத்தால் விளக்கின் துடிப்பு பதிவாகாது. வெளிச்சத்தை ஓர் அளவு கூட்டியே எடுங்கள். தாள் பளிச்சென்று வெள்ளையாகும், மங்கிய நீலமும் பிளாஸ்டிக் விளிம்பும் மறையும்.

கண்ணாடியில் ஃபோனே தெரியும். ஃபோன் அளவுக்கு ஓட்டை போட்ட கறுப்புச் சார்ட்டை அதைச் சுற்றி மாட்டுங்கள். வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு உட்காராதீர்கள், அதுவும் விழும். ஃபோனைத் தொட்டுப் படமெடுத்தால் ஆடும். ஹெட்ஃபோனின் வால்யூம் பட்டனையோ புளூடூத் ரிமோட்டையோ பயன்படுத்துங்கள்.

வரிசை: தாள், தேனீ அல்லது வெற்று ஷீட், பின்னணி, கண்ணாடி, படம். எடுத்ததும் எக்ஸ்போஷர் ஷீட்டில் அந்த வரியை அடியுங்கள். ஓட்டமும் வட்டமும் சேர்த்து 160 நிலைக்கு இரண்டு மணி நேரம் பிடிக்கும். நடுவில் எழுந்து போனால் மேசையைத் தட்டாமல் போங்கள். சட்டம் ஒரு மி.மீ. நகர்ந்தால் மீதி எல்லாம் வேறு படம்.

கடைசி வட்டத்துக்கு ஏ3 கறுப்புச் சார்ட் ஒன்று போதும், தலைகீழாக எடுத்தால். முழுமையாக மூடிய சார்ட்டோடு முதல் படம். பிறகு நடுவில் 18 மி.மீ. விட்டத்தில் ஓட்டை, அடுத்தது 36, இப்படி 18 கூட்டிக்கொண்டே 270 வரை. மொத்தம் 16 படம். எடிட்டிங்கில் வரிசையைத் திருப்பிப் போட்டால் வட்டம் சுருங்கும்.

கோத்தல்

ஆப்பில் நொடிக்கு 16 ஃபிரேம் வைத்து ஏற்றினால், 24 ஃபிரேமாக மாறும் இடத்தில் சில ஃபிரேம் இரட்டித்து அசைவு விக்கும். நம் படம் ஒவ்வொன்றும் இரண்டு ஃபிரேம், அதாவது எட்டில் ஒரு பங்கு நொடி நிற்கிறது. 24ல் மூன்று ஃபிரேமும் அதே எட்டில் ஒரு பங்குதான். ஆகவே டைம்லைனை நேராக 24ல் வைத்து ஒவ்வொரு படத்துக்கும் மூன்று ஃபிரேம் கொடுங்கள். 160 படம், 480 ஃபிரேம், 20 நொடி. முன்னால் தலைப்பு அட்டை 3 நொடி, 72 ஃபிரேம். எழுத்தையும் மூன்றுமுறை டிரேஸ் செய்து மாற்றி மாற்றி ஓட்டினால் உள்ளே வரும் படத்தோடு ஒட்டும்.

பழைய படம் என்று காட்ட மேலே கீறலும் தூசியும் ஆட்டமும் போடும் ஃபில்டர் எல்லா ஆப்பிலும் இருக்கிறது. வேண்டாம். 1925ல் தியேட்டரில் புதுப்பிரதி பார்த்தவர்களுக்குக் கீறல் தெரியவில்லை; அது ஓடித் தேய்ந்த பிரதிகளில் பின்னால் வந்த சேதம். நடையை இயல்புக்கு மீறி வேகமாக ஓட்டுவதும் அப்படித்தான், மௌனப்பட ஃபிலிமை ஒலிப்பட வேகத்தில் ஓட்டியதால் வந்த கோளாறு.

நடையின் எட்டுத் தாளையும் ஓட்டத்தின் நாலையும் தனி உறையில் வையுங்கள். துளைகளுக்கு ஒட்டுவளையம் போட்டுவிட்டால், இதே கரடி வரும் அடுத்த படத்தில் பின்னணி ஷீட்டை மட்டும் மாற்றினால் போதும்.